நூறு பேருக்கு மொச்சைக்கொட்டைக் கறிக்குழம்பு: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

தை பிறந்துவிட்டால் எங்கள் தருமபுரி மாவட்டத்துப் பாலக்கோட்டுப் பக்கம் கிடா வெட்டு இல்லாத வாரம் குறைவு. காதுகுத்து, குலதெய்வப் பொங்கல், பழைய வேண்டுதல் என்று காரணம் எதுவாக இருந்தாலும், பந்தியில் பெரும்பாலும் ராகிக் களியும் மொச்சைக்கொட்டை போட்ட கறிக்குழம்பும்தான். சொந்தக்காரர்கள் வீட்டு விசேஷங்களில் இருபது வருஷமாக இந்தக் குழம்புக்கு நான்தான் அண்டா பக்கம் நிற்கிறேன். முதல் நாள் ராத்திரி வரும் போன்களில் எல்லாரும் கேட்பது ஏறக்குறைய ஒரே கேள்விகள். அவற்றுக்கான பதில்களை இங்கே எழுதி வைக்கிறேன்.

நூறு பேருக்கு எவ்வளவு கறி, எவ்வளவு கொட்டை?

எலும்போடு ஆட்டுக்கறி 10 கிலோ, காய்ந்த மொச்சைக்கொட்டை 5 கிலோ. இந்த இரண்டும் சரியாக இருந்தால் மற்றதை முன்னே பின்னே சரிக்கட்டிக்கொள்ளலாம். 5 கிலோ கொட்டை ஊறினால் 10 கிலோவுக்கு மேலேயே வரும். அதாவது இலையில் கறியும் கொட்டையும் ஏறக்குறைய சமமாக விழும்.

மற்றவை: சின்ன வெங்காயம் 4 கிலோ, தக்காளி 3 கிலோ, பூண்டு முக்கால் கிலோ, இஞ்சி அரை கிலோ, மல்லி 800 கிராம், காய்ந்த மிளகாய் 400 கிராம், மஞ்சள்தூள் 50 கிராம், சோம்பு 50 கிராம், பட்டை 40 கிராம், கிராம்பு 20 கிராம், கசகசா 100 கிராம், தேங்காய் 8, புளி 200 கிராம், கடலை எண்ணெய் ஒன்றரை லிட்டர். கல் உப்பை 350 கிராமில் தொடங்கி, ருசி பார்த்துப் பார்த்துக் கூட்டுங்கள். கறிவேப்பிலையும் கொத்தமல்லியும் கை நிறைய. எல்லாம் சேர்ந்து 30 லிட்டர் குழம்பு வரும். அண்டா 50 லிட்டர் பிடிப்பதாக இருக்கட்டும், கிளற இடம் வேண்டும்.

கறி வாங்கக் கையில் காசு குறைகிறது என்று 5 கிலோ கறியில் 8 கிலோ கொட்டையைக் கொட்டிச் சமாளிப்பது எனக்குப் பிடிக்காது. அப்படிச் செய்தால் கறியும் தெரியாது, கொட்டைக்குச் சாறும் ஏறாது. அதைவிடக் குழம்பைக் குறைத்து, கூட ஒரு பொரியல் வைப்பது மேல்.

25 பேருக்கு என்றால் நாலால் வகுத்துவிடலாமா?

கறியையும் கொட்டையையும் வகுக்கலாம், பெருக்கலாம். காரம், பட்டை கிராம்பு, தண்ணீர் மூன்றும் அந்தக் கணக்குக்கு ஒத்துவராது. சின்னப் பாத்திரத்தில் தண்ணீர் வேகமாக வற்றும், பெரிய அண்டாவில் அவ்வளவு வற்றாது. 25 பேருக்கு வைத்துப் பழகியவர் 100 பேருக்கு வைக்கும்போது மிளகாயையும் பட்டையையும் மூன்று மடங்குக்குக் கொஞ்சம் மேலே நிறுத்திக்கொள்ளட்டும். தண்ணீரும் அப்படித்தான். போதவில்லை என்றால் கடைசியில் சேர்க்கலாம், போட்டதை எடுக்க முடியாது.

250 பேருக்கு ஒரே அண்டாவில் முயல வேண்டாம். இரண்டு அடுப்பு, இரண்டு அண்டா, இரண்டு ஆள்.

மொச்சையா, அவரைக்கொட்டையா? எதைக் கேட்டு வாங்குவது?

எங்கள் பக்கம் இரண்டு பெயரும் ஒரே கொட்டையைத்தான் சொல்கின்றன. தேன்கனிக்கோட்டை, ஓசூர், பாலக்கோடு பக்கமெல்லாம் ராகிக் கொல்லையில் நடுநடுவே சால் போட்டு விதைக்கும் அவரை இது. பகல் பொழுது நன்றாகக் குறைந்தால்தான் பழைய நாட்டு ரகங்கள் பூக்கும். அதனால்தான் ஆடியில் விதைத்தாலும் மார்கழி, தையில் காய்க்கிறது. காயின் தோலில் எண்ணெய் மாதிரி ஒரு பிசுக்கு இருக்கும். உரித்த கையைச் சோப்புப் போட்டுக் கழுவினாலும் சாயங்காலம் வரை வாசம் போகாது. அந்த வாசம் இல்லாத காயைச் சந்தையில் பார்த்தால் நான் கூடையைத் தள்ளிவிட்டு நடந்துவிடுவேன்.

காய்ந்த கொட்டை வாங்கும்போது அந்த வருஷத்துச் சரக்கா என்று பாருங்கள். புதுக்கொட்டை பளபளப்பாக, கனமாக இருக்கும். பழசு மங்கிச் சுருங்கியிருக்கும். மூட்டையில் கையை விட்டு அடியிலிருந்து ஒரு பிடி எடுங்கள். வண்டு துளைத்த கொட்டை நாலைந்து தெரிந்தால் அடுத்த கடைக்குப் போய்விடலாம். நான் முதலில் கால் கிலோ மட்டும் வாங்கி வந்து, விசேஷ இடத்துத் தண்ணீரிலேயே ஊற வைத்து வேக வைத்துப் பார்த்துவிட்டுத்தான் மூட்டைக்குச் சொல்வேன்.

பச்சைக் கொட்டை, பிதுக்கம் பருப்பு போடலாமா?

சீசனில் அதைவிட நல்லது இல்லை. ஆனால் வேலை அதிகம். காயாக எடை போட்டு வாங்கினால் உரித்த கொட்டை பாதிகூடத் தேறாது என்பதை வைத்துக் கணக்குப் போடுங்கள். நூறு பேருக்கு உரித்த பச்சைக் கொட்டை 9 கிலோவாவது வேண்டும்.

பிதுக்குவது என்றால், உரித்த கொட்டையை ராத்திரி தண்ணீரில் போட்டுவிட்டுக் காலையில் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவில் வைத்து ஓர் அழுத்து. தோல் கையில் நிற்கும், பருப்பு தாம்பாளத்தில் துள்ளி விழும். நாலு பெண்கள் உட்கார்ந்து பேசிக்கொண்டே பிதுக்கினாலும் 9 கிலோ முடிய அரை நாள் ஆகும். அதனால் ஐம்பது பேருக்கு மேல் என்றால் பிதுக்காமல் தோலோடு போடச் சொல்வேன். பிதுக்கம் பருப்பு சீக்கிரம் குழையும், கறியோடு கால் மணி நேரம் கொதித்தால் போதும்.

எவ்வளவு நேரம் ஊற வேண்டும்? வறுக்க வேண்டுமா?

வறுங்கள். இரும்பு வாணலியில் கொஞ்சம் கொஞ்சமாகப் போட்டு, தோல் சூடேறி வாசம் கிளம்பும்வரை. நிறம் மாறக் கூடாது. பச்சை வாடை போவதற்கு இது போதும்.

ஆறியதும் 5 கிலோ கொட்டைக்கு 15 லிட்டர் தண்ணீர். 8 முதல் 10 மணி நேரம். தை மாசத்து ஓசூர்க் குளிரில் 12 மணி நேரம்கூட ஆகும். சித்திரை, வைகாசி வெயிலில் அதே 10 மணி நேரம் வைத்தால் நுரை கட்டிப் புளித்துப்போகும், நடுவில் ஒருமுறை தண்ணீரை மாற்றிவிடுங்கள். ஊறியதா என்று பார்க்க ஒரு கொட்டையை நகத்தால் இரண்டாகப் பிளந்து பாருங்கள். நடுவில் வெள்ளையாக, மாவு மாதிரி காய்ந்த புள்ளி தெரிந்தால் இன்னும் ஊற வேண்டும்.

ஊற வைத்த தண்ணீரைக் கொட்டிவிடுங்கள். மொச்சையில், அதிலும் கருத்த தோல் கொட்டையில், சயனைடு உண்டாக்கக்கூடிய பொருள் இயற்கையாகவே கொஞ்சம் உண்டு. ஊற வைத்து நீரை மாற்றி, திறந்த பாத்திரத்தில் நன்றாகக் கொதிக்க விட்டால் பயமில்லை. கருத்த கொட்டை என்றால் முதல் கொதித் தண்ணீரையும் இறுத்துவிட்டு, புதுத் தண்ணீர் ஊற்றி வேக வைக்கிறேன்.

ராத்திரி முழுக்க ஊறியும் கொட்டை வேகவே இல்லை. ஏன்?

அதிகம் வரும் கேள்வி இதுதான். காரணம் மூன்று: பழைய சரக்கு, தண்ணீர், புளிப்பு.

பழைய சரக்கைப் பற்றிச் சொல்லிவிட்டேன். தண்ணீருக்கு வருகிறேன். கொட்டைக்குள் இருக்கும் செல்களை ஒன்றோடொன்று ஒட்டிப் பிடித்திருக்கும் பசைக்குப் பெக்டின் என்று பெயர். சூட்டில் அது கரைந்தால்தான் கொட்டை குழையும். கடினத் தண்ணீரில் இருக்கும் கால்சியமும் மக்னீசியமும் அந்தப் பசையை இறுக்கிவிடும். புளிப்பும் அதைக் கரையவிடாமல் தடுக்கும். தருமபுரி, கிருஷ்ணகிரி என்று நம் இரண்டு மாவட்டத்திலும் பல ஊர்களில் போர் தண்ணீர் கடினமானது. பல இடங்களில் ஃபுளோரைடும் அதிகம். ஃபுளோரைடு கொதிக்க வைத்தால் போகாது, தண்ணீர் வற்ற வற்றச் செறிவுதான் கூடும். அதனால்தான் ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டத்தையே கொண்டுவந்தார்கள், 2013-ல் அது திறக்கப்பட்டது. அந்தத் தண்ணீர் உங்கள் ஊருக்கு வருகிறது என்றால் ஊற வைக்கவும் வேக வைக்கவும் அதையே பிடித்து வையுங்கள். நூறு பேர் குழம்புக்கு, ஊற வைப்பது உட்பட, 60 லிட்டர் போதும்.

எனக்கே நடந்ததைச் சொல்கிறேன். எட்டு வருஷம் முன்னால் பென்னாகரம் பக்கத்தில் ஒரு கோயில் தோப்பில் பொங்கல். 150 பேர். சொல்லி வைத்த குடிதண்ணீர் வரவில்லை, கோயில் பக்கத்துப் போர் தண்ணீரிலேயே கொட்டையைப் போட்டுவிட்டோம். உதவிக்கு நின்ற மாமா ஒருத்தர், நல்ல மனசோடுதான், கரைத்து வைத்திருந்த புளியைத் தூக்கி அதில் ஊற்றிவிட்டார். பதினொன்றரைக்கு ஒரு கொட்டையை எடுத்து நசுக்கினேன். நசுங்கவில்லை, விரலிலிருந்து வழுக்கிக்கொண்டு ஓடியது. வெளியே முதல் பந்திக்கு இலை போட்டாயிற்று. என் கை நடுங்கியதைப் பார்த்துச் சின்னம்மா பக்கத்தில் வந்து நின்றார். "கொட்டை வேகலைன்னு போய் சொல்லிடு கண்ணு. நெசத்தச் சொன்னா காத்துக்கிட்டு இருப்பாங்க" என்றார்.

சொன்னேன், காத்திருந்தார்கள். குழந்தைகளுக்கு மட்டும் களியும் எலும்புச் சாறும் கொடுத்தோம். கொட்டையை ஜல்லிக்கரண்டியால் அரித்தெடுத்து, புளிப்புப் போகக் கழுவி, டூவீலரில் கேன் கேனாகக் குழாய்த் தண்ணீர் கொண்டுவரச் செய்து, இரண்டு பாத்திரத்தில் பிரித்து, கொஞ்சம் சோடா உப்பு போட்டு மறுபடி வேக வைத்தோம். பந்தி நடந்தபோது மணி இரண்டரை. அதிலிருந்து அண்டா பக்கத்தில் புளிக்கரைசலை வைக்க நான் விடுவதில்லை. நேரம் வரும்வரை அது மூடிபோட்டு வேறு இடத்தில் இருக்கும்.

உப்பு போட்டால் கொட்டை வேகாது என்கிறார்களே?

வீட்டுக்கு வீடு சொல்கிறார்கள், நானும் நம்பிக்கொண்டிருந்தேன். செய்து பார்த்ததில் தெரிந்தது வேறு. ஊற வைக்கும் 15 லிட்டர் தண்ணீரில் 150 கிராம் உப்பைக் கரைத்துவிட்டால் தோல் மெத்தென்று ஆகிறது, வேகும்போது வெடிப்பதும் குறைகிறது. உப்பில் இருக்கும் சோடியம், தோலில் இருக்கும் கால்சியத்தின் இடத்தைப் பிடித்துக்கொள்வதால் இப்படி. அந்தத் தண்ணீரை எப்படியும் கொட்டிவிடுகிறோம், குழம்பில் உப்பு ஏறாது. தள்ளி வைக்க வேண்டியது புளி, தக்காளி, தயிர், வெல்லம்.

சோடா உப்பு?

தண்ணீர் சரியில்லை என்றால் மட்டும். 5 கிலோவுக்கு இரண்டு டீஸ்பூன், ஊற வைக்கும்போது. கூடினால் கொட்டை கூழாகும், வாயில் சோப்பு வாடை அடிக்கும்.

எந்த ஆடு? கிடாவாகவே வாங்கினால் எத்தனை கிலோ தேறும்?

இந்தக் குழம்புக்கு நான் வெள்ளாட்டுப் பக்கம். வேக நேரம் ஆனாலும் சாறு நன்றாக இறங்கும். செம்மறியில் கொழுப்பு கூடுதல், எண்ணெயைக் குறைத்துக்கொள்ள வேண்டும். உயிர் எடையில் ஏறக்குறைய பாதிதான் எலும்போடு கறியாகத் தேறும். 20 கிலோ கிடாவில் 9, மிஞ்சிப் போனால் 10 கிலோ. நூறு பேருக்கு ஒரு கிடா போதும் என்று சொல்லும்போது அது 20 கிலோவுக்குக் குறையாத கிடாவா என்று கேளுங்கள். தலை, கால், குடல் தனிக் கணக்கு.

குந்தாரப்பள்ளியில் வெள்ளிக்கிழமையும் போச்சம்பள்ளியில் ஞாயிற்றுக்கிழமையும் ஆட்டுச் சந்தை கூடும். பண்டிகைக்கு முந்தின வாரம் விலை ஏறிவிடும், விசேஷத் தேதி தெரிந்தால் இரண்டு வாரம் முன்னாலேயே பிடித்து வந்து கட்டிவிடுங்கள்.

கறி போடும்போது துண்டு பெரிதாக இருக்கட்டும், ஒவ்வொன்றும் 40 கிராமுக்குக் குறையாமல். பெரிய அண்டாவில் கரண்டி படப்படச் சின்னத் துண்டு நாராகிவிடும். நெஞ்செலும்பு, முன்னங்கால், கழுத்து மூன்றும் கலந்து வேண்டும்.

கறியையும் கொட்டையையும் ஒன்றாகவே வேக வைத்தால் என்ன?

நாலு பேருக்குக் குக்கரில் வைத்தால் ஒன்றும் ஆகாது. நூறு பேருக்கு வேண்டவே வேண்டாம். முற்றிய கிடா வேக இரண்டு மணி நேரமும் ஆகும், இளசு ஒரு மணி நேரத்தில் வெந்துவிடும். கொட்டையும் சரக்கைப் பொறுத்து முக்கால் மணியிலிருந்து ஒன்றேகால் மணி நேரம் எடுக்கும். இரண்டும் ஒரே நிமிஷத்தில் பதமாகும் என்று நினைத்து அண்டாவை மூடினால், கறி வேகும்முன் கொட்டை கரைந்து அடியில் இறங்கிப் பிடிக்கும். அல்லது கறி எலும்பை விட்டு உதிர்ந்த பிறகும் கொட்டை கடுக்கென்று இருக்கும்.

தனித்தனியாக வேக வைத்தால் இரண்டின் பதமும் நம் கையில் இருக்கும். கடைசி அரை மணி நேரம் இரண்டும் சேர்ந்து மெதுவாகக் கொதித்தால் கறிச் சாறு கொட்டைக்குள் ஏறிவிடும். கொட்டை வெந்த தண்ணீரையும் கூடவே ஊற்றுங்கள், குழம்புக்குக் கெட்டி அதிலிருந்துதான் வரும்.

பன்னிரண்டரைக்குப் பந்தி. காலையில் எப்போது தொடங்குவது?

முதல் நாள் ராத்திரி எட்டு மணிக்குக் கொட்டை தண்ணீரில் விழுந்திருக்க வேண்டும். மல்லி, மிளகாய், சோம்பை வறுத்துப் பொடித்து வைத்துவிடுங்கள். சின்ன வெங்காயம் 4 கிலோ உரிப்பதும் ராத்திரியே முடியட்டும்.

ஆறு மணிக்குக் கொட்டை அடுப்பு. மூன்று விரல்கடை மேலே தண்ணீர் நிற்கட்டும். கொதி வந்ததும் நுரையை வழித்துவிட்டு விறகை இழுத்துவிடுங்கள். தளதளவென்று கொதித்தால் தோல் தனி, பருப்பு தனி ஆகிவிடும். ஆறரைக்குக் கறி அடுப்பு: எண்ணெயில் பாதி, பட்டை, கிராம்பு, வெங்காயத்தில் பாதி, இஞ்சி பூண்டு விழுது, மஞ்சள், அப்புறம் கறி. கறி தன் தண்ணீரை விட்டு அது சுண்டும்வரை கிளறிவிட்டு, உப்பில் பாதியும் வெந்நீரும் ஊற்றி மூடுங்கள். பச்சைத் தண்ணீர் ஊற்றினால் சூடு இறங்கி நேரம் இழுக்கும்.

கொட்டையை இரண்டு விரலால் அழுத்தினால் மசிய வேண்டும், ஆனால் உருவம் குலையாமல் இருக்க வேண்டும். எட்டு மணிக்குள் அந்தப் பதம் வந்துவிடும், இறக்கிவிடலாம். ஒன்பதரைக்கு மூன்றாவது அடுப்பில் மீதி எண்ணெய், மீதி வெங்காயம், தக்காளி, பொடித்த மசாலா. ராயக்கோட்டைத் தக்காளி நன்றாகப் பழுத்ததாக இருந்தால் புளியைப் பாதியாகக் குறைத்துவிடுவேன். எண்ணெய் மேலே மிதக்கும்வரை வதக்குங்கள். மசாலாவின் பச்சை வாடை போகாமல் கறியில் கொட்டினால், அப்புறம் ஒரு மணி நேரம் கொதித்தாலும் போகாது.

பத்தேகாலுக்குக் கறி, மசாலா, கொட்டை மூன்றும் ஒன்று சேரும். பத்தே முக்காலுக்குப் புளிக்கரைசல், அரைத்த தேங்காயும் கசகசாவும். பதினொன்றேகாலுக்குக் கொத்தமல்லி தூவி, கொள்ளியை வெளியே இழுத்து, தணலில் நிறுத்துங்கள். அங்கிருந்து பந்தி வரை சிறு கொதி அடங்காமல் இருந்தால் போதும்.

புளியங்கட்டை கிடைத்தால் அதுதான் நல்ல விறகு, தணல் நின்று எரியும்.

அடிப்பிடித்துவிட்டது. என்ன செய்வது?

கரண்டியால் அடியைச் சுரண்டாதீர்கள். முதலில் நெருப்பை இழுங்கள். மேலாக இருக்கும் குழம்பை வேறு அண்டாவுக்கு மொண்டு மாற்றுங்கள். அடியில் நாலு விரல் அளவு நின்றால் அதை விட்டுவிடுங்கள், ஆசைப்பட வேண்டாம். மாற்றியதை ருசி பாருங்கள், தீய்ந்த வாடை லேசாக இருந்தால் இன்னும் இரண்டு தேங்காய் அரைத்து ஊற்றலாம். வாடை பலமாக இருந்தால் காப்பாற்ற முடியாது. கொட்டை சேர்ந்த பிறகு மரச் சட்டுவத்தால் ஐந்து நிமிஷத்துக்கு ஒருமுறை அடியோடு கிளற ஒரு ஆளை அதற்கென்றே நிறுத்திவிட்டால் இந்தக் கேள்வியே வராது.

தண்ணியாகிவிட்டால்?

வெந்த கொட்டையில் இரண்டு கரண்டி எடுத்து மசித்து ஊற்றுங்கள். கடலை மாவு, சோள மாவு எதுவும் வேண்டாம்.

கறி சாப்பிடாதவர்களுக்கு என்ன வைப்பது?

தனியாக வேக வைப்பதில் இது இன்னொரு வசதி. வெந்த கொட்டையில் ஒரு பங்கை, கறிக் கரண்டி படுவதற்கு முன் வேறு பாத்திரத்தில் எடுத்து, கத்தரிக்காய் போட்டுக் காரக்குழம்பு வைத்துவிடலாம். வேண்டுதலுக்காக விரதம் இருப்பவர், வயசான பாட்டி என்று நூறு பேரில் பத்துப் பேராவது இருப்பார்கள். அவர்களுக்கு வெறும் ரசத்தை ஊற்றி அனுப்பினால் மனசு கேட்காது. கரண்டி மாறாமல் இருக்க அந்தப் பாத்திரத்தைப் பந்தியின் மறுகோடியில் வையுங்கள்.

நாட்டுக்கோழி, மாட்டுக்கறி, கருவாடு போட்டுச் செய்யலாமா?

செய்யலாம். நாட்டுக்கோழியில் சாறு மெல்லிசு, கொட்டையைப் பாதியாகக் குறையுங்கள். மாட்டுக்கறி ஆட்டுக்கறியைவிட நேரம் எடுக்கும், ஒரு மணி நேரம் முன்னாலேயே அடுப்பேற்றுங்கள். கருவாடு மொச்சைக்குப் பழைய சேர்த்தி, ஆனால் அது வீட்டுக் குழம்பு. நூறு பேருக்கு முள் பார்த்துப் பரிமாறுவது கஷ்டம்.

ஓட்டலில் காலையில் வைக்கும் பேக்ட் பீன்ஸும் இதுவும் ஒன்றா? அதைக் கறி போட்டு இங்கே செய்ய முடியுமா?

ஓசூரில் வேலை செய்யும் பிள்ளைகள் கேட்கிறார்கள். டப்பாவில் தக்காளிச் சாறோடு வருவது இங்கிலாந்துக்காரர்களின் பழக்கம். அதன் மூலம் அமெரிக்காவின் பாஸ்டன் பக்கத்துப் பதார்த்தம். சின்ன வெள்ளைக் கொட்டை, உப்பில் ஊறிய பன்றிக் கொழுப்பு, கரும்புச் சாறு காய்ச்சிச் சர்க்கரை எடுத்தபின் நிற்கும் கறுத்த பாகு மூன்றையும் மண்பானையில் போட்டு அடுமனையில் மெதுவாக வேக வைப்பார்கள். அங்கே பழைய நாளில் ஞாயிற்றுக்கிழமை ஓய்வு நாள், சமைக்க மாட்டார்கள். சனிக்கிழமையே பானையை அடுப்பில் வைத்துவிடுவார்கள். அவ்வளவு நேரம் வெந்தும் கொட்டை கரையாததற்குக் காரணம் அந்தப் பாகு. அதில் கால்சியமும் உண்டு, கொஞ்சம் புளிப்பும் உண்டு. மேலே நான் தள்ளி வைக்கச் சொன்னவற்றையே அவர்கள் வேண்டுமென்று முன்னால் போடுகிறார்கள்.

இங்கே செய்ய: 1 கிலோ மொச்சையை முக்கால் பதம் வேக வையுங்கள். 1 கிலோ கொழுப்புள்ள கறியை வதக்கி, அரை கிலோ வெங்காயம், 150 கிராம் வெல்லம், அரைத்த கடுகு இரண்டு ஸ்பூன், மிளகு, உப்பு சேர்த்து மண்சட்டியில் ஊற்றி, கொட்டை மூழ்க வெந்நீர் விட்டு மூடுங்கள். அடுமனை இருந்தால் 140 டிகிரியில் நாலைந்து மணி நேரம். இல்லை என்றால் களி கிண்டி முடித்த அடுப்பில், கொள்ளி எதுவும் இல்லாமல், தணலுக்குள் சட்டியைப் பதித்து மூடி மேலும் தணல் போடுங்கள். மணிக்கு ஒருமுறை திறந்து தண்ணீர் பாருங்கள். பெரியவர்களுக்கு இந்த இனிப்பு பிடிக்காது. குழந்தைகள் கேட்டு வாங்கிச் சாப்பிடுவார்கள்.

மொச்சைக்குப் பதிலாக ராஜ்மா போடலாமா?

போடலாம், ஒரே நிபந்தனையோடு. ராஜ்மாவில் இருக்கும் ஒரு நச்சுப் புரதம் நன்றாகக் கொதித்தால்தான் அழியும். ஊற வைத்த தண்ணீரைக் கொட்டிவிட்டு, புதுத் தண்ணீரில் குறைந்தது 10 நிமிஷம் பொங்கக் கொதிக்க வேண்டும், அதற்குப் பிறகுதான் தீயைக் குறைக்க வேண்டும். வெறும் தணல் சூட்டில் வைத்த அரைவேக்காட்டு ராஜ்மா வாந்தியும் வயிற்றுப்போக்கும் கொண்டுவரும்.

வாயுத் தொந்தரவு?

ஊறின நீரைக் கொட்டுங்கள், முழுக்க வேக வையுங்கள், பெருங்காயமும் பூண்டும் இஞ்சியும் தாராளமாகப் போடுங்கள். அப்படியும் சிலருக்கு இருக்கும். அவர்கள் கறியும் சாறும் சாப்பிடட்டும்.

களிக்கு எவ்வளவு மாவு?

ஆளுக்கு ஓர் உருண்டை என்று 100 பேருக்கு 10 கிலோ ராகி மாவு. சோறும் வைப்பதாக இருந்தால் 8 கிலோ. 2023-ல் தருமபுரி மாவட்ட ரேஷன் கடையில் 2 கிலோ அரிசிக்குப் பதிலாக 2 கிலோ ராகி கொடுக்கத் தொடங்கினார்கள். அதைச் சேர்த்து வைத்து அரைப்பவர்கள், கல் பொறுக்கிக் கழுவிக் காய வைத்துவிட்டு மில்லுக்குக் கொண்டுபோகட்டும்.

மிச்சமானால் மறுநாள் வைத்துக்கொள்ளலாமா? பார்சல் கட்டலாமா?

இதில் நான் கண்டிப்பு. கறியும் கொட்டையும் சேர்ந்த கெட்டிக் குழம்பு பெரிய அண்டாவில் மூடியபடி இருந்தால் ஆறவே ஆறாது, வெதுவெதுப்பாகவே நிற்கும். கொதியில் சாகாத சில கிருமிகளின் விதைகள் அந்தச் சூட்டில்தான் முளைத்துப் பெருகுகின்றன. வாடையும் மாறாது, ருசியும் மாறாது, ராத்திரி வயிறு கலக்கும்போதுதான் தெரியும். பந்தி நடக்கும்வரை குழம்பு ஆவி பறக்கும் சூட்டில், தணல் மேலேயே இருக்கட்டும். பந்தி முடிந்ததும் மிச்சத்தை அகலத் தட்டுகளில் இரண்டு விரல் உயரத்துக்கு மேல் போகாமல் பரப்பி, ஆறியதும் ஃப்ரிட்ஜில் வைத்துவிடுங்கள். இறக்கி இரண்டு மணி நேரத்துக்குள் இது நடக்க வேண்டும். தூரத்து ஊருக்குப் பஸ்ஸில் போகிறவர்கள் கேட்டால் களியும் வறுத்த கறியும் கட்டிக் கொடுங்கள், குழம்பு வேண்டாம்.

முதல் பந்திக்குக் கறி, கடைசிப் பந்திக்கு வெறும் சாறு என்று ஆகிவிடுகிறதே?

கறியும் கொட்டையும் கனம், அடியில் போய் உட்காரும். மேலாக மொண்டால் சாறு வரும், அடியில் விட்டுத் துழாவினால் கறி வரும். பரிமாறுகிறவர் வாளியில் மொள்ளும் முன் ஒவ்வொரு முறையும் அடியோடு ஒரு சுற்றுக் கிளறட்டும். சொந்தக்காரர் இலை என்று துழாவி எடுக்கும் பழக்கம் யாருக்காவது இருந்தால் அவரிடம் வாளியைக் கொடுக்காதீர்கள், தண்ணீர் ஊற்றச் சொல்லுங்கள்.

அப்புறம், முதல் பந்திக்கு மொள்ளும் முன்பே நன்றாகக் கிளறிவிட்டு, கறி, கொட்டை, சாறு மூன்றும் சரியாக விழும்படி ஒரு குண்டா நிறைய எடுத்து, மூடி, தணல் மேலேயே வைத்துவிடுங்கள். அது கடைசிப் பந்திக்கு. விறகு தள்ளினவர், களி கிண்டினவர், வெங்காயம் உரித்த பெண்கள், தண்ணீர் சுமந்த பையன்கள் எல்லாரும் அந்தப் பந்தியில்தான் உட்காருவார்கள்.